ஒன்றரைக் கட்டையும் நாலரைக் கட்டையும்: சங்கீதம் தெரியாதவர்கள் கூடிப் பஜனை பாடக் கற்பது எப்படி?

கேள்வி இது: "எங்கள் அடுக்குமாடிக் குடியிருப்பில் பன்னிரண்டு பேர் சேர்ந்து பஜனை பாட ஆசைப்படுகிறோம். ஆண்கள் ஐவர், பெண்கள் எழுவர். யாருக்கும் முறையான சங்கீதப் பயிற்சி கிடையாது. இப்போது புரட்டாசி. மார்கழிக்குள் ஒரு மணி நேரமாவது ஒழுங்காகப் பாட வேண்டும். எதிலிருந்து தொடங்குவது? என்ன வாத்தியங்கள் வாங்குவது? ஆர்மோனியம் கற்க எவ்வளவு நாளாகும்?"

முதலில் என்னைப் பற்றி ஒரு வார்த்தை. நான் முன்னால் பாடிப் பஜனையை நடத்தும் பாகவதர் அல்ல. இருபத்தாறு ஆண்டுகளாக ஒரு சனிக்கிழமை கோஷ்டியில் இரண்டாம் வரிசையில் உட்கார்ந்து ஜால்ரா போடுகிறவன். ஆகவே இந்தப் பதில் மேடையில் உட்கார்ந்தவர் சொல்வது போல இருக்காது, பாயில் உட்கார்ந்தவர் சொல்வது போலத்தான் இருக்கும்.

ஆர்மோனியத்தை இப்போது வாங்காதீர்கள். பலர் அதில்தான் தொடங்குகிறார்கள். எல்லோரும் பணம் போட்டு ஒரு பெட்டி வாங்குவார்கள். ஒருவர் அதை மடியருகே வைத்துக்கொண்டு கட்டைகளைத் தேடித் தேடி அழுத்துவார். மற்ற பதினொரு பேரும் அவர் விரல் எங்கே போகிறது என்று பார்த்துக்கொண்டிருப்பார்கள். ஆறாவது வாரம் பெட்டிக்கு உறை போட்டு மூடிவிடுவார்கள். பஜனையைக் கற்பது கையால் அல்ல, காதால். ஒருவர் பாடியதைக் கேட்டு, அதை அப்படியே, அதே சுருதியில், அதே காலத்தில் திருப்பிக் கொடுப்பதுதான் கலையே. அது கைவந்தால் மற்றவை பின்னால் வரும்.

இந்த முறையை வகுத்தவர்களும் சங்கீத வித்வான்களுக்காக வகுக்கவில்லை. கும்பகோணத்தைச் சுற்றிச் சில மைல்களுக்குள் கோவிந்தபுரம், திருவிசநல்லூர், மருதாநல்லூர் என்று மூன்று ஊர்கள் இருக்கின்றன. கோவிந்தபுரத்தில் போதேந்திர சுவாமிகளின் அதிஷ்டானம் (சமாதி) இருக்கிறது. திருவிசநல்லூர் ஸ்ரீதர ஐயாவாளின் ஊர். கார்த்திகை அமாவாசையன்று அவர் வீட்டுக் கிணற்றில் நீராட இன்றும் கூட்டம் அலைமோதும். நாமத்தைச் சொன்னாலே போதும், அதற்குச் சாதியோ சாத்திரப் படிப்போ தகுதி அல்ல என்று இவர்கள் இருவரும் நிலைநாட்டினார்கள். அடுத்து வந்த மருதாநல்லூர் சத்குரு சுவாமிகள், எந்தப் பாட்டுக்குப் பின் எந்தப் பாட்டு என்று ஒரு வரிசை அமைத்தார். அந்த வரிசைக்குப் 'பத்ததி' என்று பெயர். தஞ்சையை அப்போது மராட்டியர் ஆண்டதால் மராத்தி பக்திப் பாட்டான அபங்கம் உள்ளே வந்தது. சமஸ்கிருதத்தில் ஜயதேவரின் அஷ்டபதியும் நாராயண தீர்த்தரின் தரங்கமும், தெலுங்கில் பத்ராசல ராமதாசரும் தியாகராஜரும், கன்னடத்தில் புரந்தரதாசரும் ஒரே பந்தியில் உட்கார்ந்தார்கள். இன்று பெரும்பாலான கோஷ்டிகள் பின்பற்றும் வரிசைக்கு இருபதாம் நூற்றாண்டில் வடிவம் கொடுத்தவர் புதுக்கோட்டை கோபாலகிருஷ்ண பாகவதர்.

உங்களுக்கு இதில் வேண்டியது ஒன்றுதான். இந்த அமைப்பில் ஒருவர் முன்னால் பாடுவார், மற்றவர்கள் வாங்கிப் பாடுவார்கள். பாட்டு தெரியாதவரும் முதல் நாளே சேர்ந்துகொள்ளலாம் என்பதற்காகவே அப்படி வைத்திருக்கிறார்கள். பாடுவதற்கு முன்பே இதைப் பழக்கும் ஒரு வழியும் இருக்கிறது. முன்னவர் "நம: பார்வதீ பதயே" என்பார். கூட்டம் "ஹர ஹர மகாதேவா" என்று முழங்கும். மெட்டும் இல்லை, தாளமும் இல்லை. ஆனால் பன்னிரண்டு பேரும் ஒரே கணத்தில் தொடங்கி ஒரே கணத்தில் நிறுத்தினால் அதுவே முதல் பாடம். சோதித்துப் பாருங்கள். முதல் முறை 'மகாதேவா' மூன்று இடங்களில் முடியும்.

இனி சுருதி. கலந்த கோஷ்டிகள் பெரும்பாலும் உடைவது இதில்தான் என்பதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

ஆர்மோனியத்தின் வெள்ளைக் கட்டைகளுக்கு ஒன்று, இரண்டு என்று முழு எண், கறுப்புக்கு ஒன்றரை, இரண்டரை என்று அரை எண். சுருதியையும் அந்தக் கணக்கில்தான் சொல்வார்கள். நம்மில் சாதாரண ஆண் குரலுக்கு ஒன்று, ஒன்றரைக் கட்டை வசதி. பெண் குரலுக்கு நாலரை, ஐந்து, ஐந்தரை. ஒன்றரையில் ஆண்கள் பாடும்போது பெண்கள் சேர்ந்தால், கீழே முனகுவார்கள் அல்லது மேலே கிறீச்சிடுவார்கள். ஐந்தில் பெண்கள் பாடினால் ஆண்களின் கதி அதுவே. எனவே "நடுவில் வைத்துக்கொள்ளலாம்" என்று மூன்று கட்டைக்கு வருவார்கள். இரு தரப்புக்கும் சங்கடமான சமரசம் அது. (மூன்றரைக் கட்டை வைத்துக்கொள்ளலாம் என்று ஒருவர் எங்களிடம் யோசனை சொன்னார். ஆர்மோனியத்தில் மூன்றுக்கும் நான்குக்கும் நடுவே கறுப்புக் கட்டையே கிடையாது என்பது அவருக்குத் தெரியாது.)

எங்கள் கோஷ்டியில் பல வருடம் அடித்துப் பிடித்துக் கண்ட வழி இது. ஆதார சுரத்தை விடாமல் ஒலிக்கும் சுருதிப் பெட்டியை ஒன்றரையில் வையுங்கள். ஆண்கள் முன்னால் பாடும் பாட்டுகளுக்கு அதுவே ஆதார ஷட்ஜம், அதாவது தொடக்கச் 'ச'. பெண்கள் முன்னால் பாடும்போது, அந்த ஒன்றரையின் மத்யமத்தை ('ம'வை) ஷட்ஜமாக எடுத்துக்கொள்ளட்டும். ஒன்றரையின் சுத்த மத்யமம் எங்கே விழுகிறது தெரியுமா? சரியாக நாலரைக் கட்டையில். பெண்களுக்கு அது இதமான இடம். பெட்டியில் பஞ்சமத்துக்கு ('ப'வுக்கு) பதில் மத்யமத்தை ஒலிக்கவிட்டால் போதும், சுருதியை மாற்றவே வேண்டியதில்லை. ஒன்றரை என்பது நாலரைக்குப் பஞ்சமம் ஆகிவிடுவதால் மிருதங்கத்தையும் மறுபடி சேர்க்காமல் ஒப்பேற்றலாம். கச்சேரி வித்வான் முகம் சுளிப்பார். சனிக்கிழமை கோஷ்டிக்கு இது தாராளம்.

சுருதி சேர்வதற்குப் பயிற்சி என்ன என்று கேட்பீர்கள். ஒவ்வொரு வாரமும் முதல் பத்து நிமிடம் சுருதியை ஒலிக்கவிட்டு, கண்ணை மூடி, 'ராம' என்ற சொல்லை ஒரே சுரத்தில் நீட்டிப் பாடுங்கள். முதல் ஐந்து நிமிடம் எல்லோரும் சேர்ந்து. பிறகு இருவர் இருவராக. தனியாகப் பாடச் சொல்லாதீர்கள், கூச்சத்தில் குரல் போய்விடும். பக்கத்தில் இருப்பவர் குரல் நம் காதில் விழும் அளவுக்கே நாம் குரல் கொடுக்க வேண்டும் என்று ஒரு விதி வையுங்கள். இந்த ஒரு விதியே பாதிச் சுருதியைச் சேர்த்துவிடும்.

எல்லாக் கோஷ்டியிலும் ஒருவர் இருப்பார். கம்பீரமான குரல், அளவில்லாத பக்தி, சுருதிக்கும் அவருக்கும் ஜென்மப் பகை. அவர் கண்ணில் நீர் மல்கப் பாடும்போது "கொஞ்சம் மெதுவாக" என்று சொல்ல யாருக்கும் மனம் வராது. எங்களுக்கும் ஒரு பெரியவர் வாய்த்தார். நாங்கள் செய்தது இரண்டு காரியம். சுருதிப் பெட்டியை அவர் மடியிலேயே வைத்து, "நீங்கள்தான் மாமா இதைப் பார்த்துக்கொள்ள வேண்டும்" என்று ஒப்படைத்தோம். பாட்டுக்குப் பாட்டு நடுவே வரும் முழக்கங்களை முன்னால் சொல்லும் பொறுப்பையும் அவருக்கே கொடுத்தோம். அந்தக் குரலில் "சர்வத்ர கோவிந்த நாம சங்கீர்த்தனம்" என்று எழுந்தால் தெருவே "கோவிந்தா! கோவிந்தா!" என்று பதில் சொல்லும். நாலைந்து மாதம் கழித்து அவர் சுருதியும் முக்கால்வாசி சேர்ந்திருந்தது. மடியில் ஒலித்துக்கொண்டே இருந்தால் சேராமல் என்ன செய்யும்?

அடுத்தது என் வாத்தியம். அரசியலில் 'ஜால்ரா' என்றால் ஆமாம் சாமி. அந்தப் பெயரை வைத்தவர் ஜால்ராவைக் கையில் பிடித்தே இருக்க மாட்டார். பஜனையில் பாகவதர் ஓடினால் இழுத்துப் பிடிப்பவர் ஜால்ராக்காரர்தான். வந்தவர் போனவர் கையில் எல்லாம் திணிக்கப்படும் வாத்தியமும் அதுதான் என்பது எங்கள் தலையெழுத்து.

வாங்கும்போது வெண்கலமாகப் பார்த்து வாங்குங்கள். கும்பகோணம் பாத்திரக்கடைகளில் கிடைக்கும். தட்டிப் பார்த்து, ஒலி எவ்வளவு நேரம் நீள்கிறது என்று கேளுங்கள். உள்ளங்கையில் அடங்கும் அளவு போதும். பெரியதாக இருந்தால் கால் மணி நேரத்தில் மணிக்கட்டு வலிக்கும். பன்னிரண்டு பேருக்கு இரண்டு ஜோடி போதும். மூன்றாவது ஜோடி வேண்டாம்.

பிடிக்கும் விதம்: இடக்கைத் தாளம் (ஜால்ராவின் ஒரு தட்டு) வாய் மேல்நோக்கி அசையாமல் இருக்கட்டும். வலக்கைத் தாளம் மேலிருந்து வரட்டும். கயிற்றைச் சுட்டுவிரலில் ஒரு சுற்றுச் சுற்றிக்கொண்டு, கட்டைவிரலால் அழுத்திக்கொள்ள வேண்டும். விரல்கள் உலோகத்தில் பட்டால் நாதம் செத்துவிடும். இரண்டையும் நேருக்கு நேர் பொருத்தி அடித்தால் நடுவில் காற்று சிக்கிப் 'பொத்' என்று விழும். விளிம்போடு விளிம்பு சற்றே விலகி, சாய்வாக உரச வேண்டும். அப்போதுதான் 'ஜிங்' என்று நீளும். அடித்தவுடன் எடுத்தால் திறந்த ஒலி. அடித்து அப்படியே ஒட்டிவைத்தால் அடங்கிய ஒலி. இந்த வாத்தியத்துக்கு இருப்பது இந்த இரண்டு எழுத்துதான்.

முதல் இரண்டு வாரம் பாட்டே வேண்டாம். எட்டு எண்ணுங்கள். ஒவ்வொரு எண்ணுக்கும் ஒரு திறந்த அடி. பிறகு எண்ணுக்கு இரண்டு அடி, திறந்தது ஒன்று, அடங்கியது ஒன்று. ஆதி தாளத்துப் பாட்டுகள் அத்தனையும் இதற்குள் அடங்கும். அடுத்து மிஸ்ர சாப்பு, ஏழு எண்ணிக்கைத் தாளம். அஷ்டபதி, தரங்கம் பக்கம் போனால் அது இல்லாமல் நடக்காது. ஏழு வரை எண்ண வேண்டாம். 'தகிட – தக – திமி' என்று வாயால் சொல்லி, ஒவ்வொரு துண்டின் முதலெழுத்தில் மட்டும் அடியுங்கள். ஐந்து எண்ணிக்கையான கண்ட சாப்புக்கு 'தக – தகிட'. வாய் சொல்வதைக் கை செய்யும், கை செய்வதை வாய் சொல்லாது. ஆகவே சொல்லிக்கொண்டே அடிக்க வேண்டும்.

உண்மையான ஆபத்து 'எடுப்பு'தான். பல பாட்டுகள் தாளம் தொடங்கும் இடத்திலேயே தொடங்குவதில்லை. அரை இடமோ முக்கால் இடமோ தள்ளி எடுக்கும். ஒரு ராதா கல்யாண பஜனை உற்சவத்தில் எங்களுக்கு நேர்ந்தது இன்னும் நினைவிருக்கிறது. அன்று விருந்தினர்களும் சேர்ந்ததால் ஆறு ஜோடி ஜால்ரா. பாட்டு அரை இடம் தள்ளி எடுப்பு. பாதிப் பேர் தாளத்தின் தொடக்கத்தில் அடித்தார்கள். மீதிப் பேர் பாகவதர் வாய் திறந்த இடத்தையே தொடக்கமாக எடுத்துக்கொண்டார்கள். இரண்டு நிமிடம் பாத்திரப் பட்டறை மாதிரி இருந்தது. மிருதங்கக்காரர் கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, கூரையைப் பார்த்து உட்கார்ந்துவிட்டார். அன்றிலிருந்து எங்களுக்கு ஒரே ஒரு தலைமை ஜால்ரா. அவர் பாட்டு தொடங்குவதற்கு முன்பே ஒரு ஆவர்த்தனம் (தாளத்தின் ஒரு முழுச் சுற்று) தனியாக அடித்துக் காட்டுவார். மற்ற ஜோடி அவர் கையைப் பார்த்துச் சேரும். பாகவதரின் வாயைப் பார்த்து அல்ல.

இன்னொரு வியாதி ஓட்டம். கூட்டமாகப் பாடும்போது காலப்பிரமாணம், அதாவது பாட்டின் வேகம், தானாக ஓடும். உற்சாகத்தில் ஓடும், பயத்திலும் ஓடும். பஜனையில் வேண்டுமென்றே வேகம் கூட்டுவது உண்டு. நாமாவளியை (கடவுளின் பெயர்களைக் கோத்த சிறு பாட்டை) மெதுவாக எடுத்து, நடுக்காலத்துக்குப் போய், துரிதத்தில் உச்சம் தொட்டு, கடைசியில் ஒரு முறை மெதுவாக இறக்கி முடிப்பார்கள். அதன் சுகமே அதுதான். ஆனால் அந்த மாற்றம் முன்னவர் தலையசைப்பில் நடக்க வேண்டும். கைப்பேசியிலேயே தாளம் எண்ணும் செயலி ஒன்றைப் போட்டு, ஒரே நாமாவளியைப் பத்து நிமிடம் வேகம் மாறாமல் பாடிப் பாருங்கள். மூன்றாவது நிமிடத்தில் எல்லோரும் செயலியை முந்தியிருப்பீர்கள். செயலி கெட்டுவிட்டது என்று சத்தியம் செய்வீர்கள்.

பாட்டுகளைத் தேர்ந்தெடுப்பதில் என் யோசனை: முதலில் நான்கு நாமாவளிகள். இரண்டு வரிக்கு மேல் இல்லாதவை. அவை நன்றாக ஊறிய பிறகு தியாகராஜரின் திவ்யநாமக் கீர்த்தனைகளில் இரண்டு. அவற்றில் பலவற்றுக்குப் பல்லவிக்கும் சரணங்களுக்கும் ஒரே மெட்டு. ஏகதாது என்பார்கள். பல்லவி வந்துவிட்டால் பாட்டே வந்துவிட்டது. சரணங்களில் சொல் மட்டும் மாறும். முன்னவர் புத்தகத்தைப் பார்த்துச் சரணம் பாட, மற்றவர் பல்லவியை மட்டும் திருப்பிக் கொடுத்தாலும் நிறைவாக இருக்கும். திருவையாற்றுத் தெருவில் உஞ்சவிருத்தி (பாடிக்கொண்டே அரிசி யாசிப்பது) போனவர் செய்த பாட்டுகள் அவை. நடந்துகொண்டே பாடும் வாகு அவற்றில் இருக்கிறது.

தமிழில் வேண்டாமா என்றால், கட்டாயம் வேண்டும். மார்கழிக்கு என்பதால் திருப்பாவை முப்பதும், திருவெம்பாவை இருபதோடு திருப்பள்ளியெழுச்சி பத்தும் கணக்காக மாதத்துக்குப் பொருந்தும். நாளுக்கு ஒன்று போதும். திருப்புகழில் மட்டும் கொஞ்சம் நிதானம். அருணகிரிநாதரின் சந்தம் தாளத்தைக் கையில் கொடுத்துவிடும் என்பது உண்மை. ஆனால் மூச்சு வாங்க இடம் தராது. அதை எப்படிக் கூட்டமாகப் பாடுகிறார்கள் என்று பார்க்க வேண்டுமானால் டிசம்பர் 31 இரவு திருத்தணிக்குப் போங்கள். வள்ளிமலை சச்சிதானந்த சுவாமிகள் தொடங்கிவைத்த படித் திருவிழா. 365 படிகளிலும் படிக்குப் படி நின்று பாடிக்கொண்டு ஏறுவார்கள். பத்துப் படி அவர்களோடு ஏறினால் வீட்டில் ஒரு மாதம் கற்பது வந்துவிடும்.

வாங்கிப் பாடுவதில் ஒரு நாகரிகம் உண்டு. முன்னவர் மூன்றாம் முறை ஒரு சங்கதி (அதே வரியின் வேறு வளைவு) போட்டால் நாமும் அதைப் போட முயலக்கூடாது. அவர் எத்தனை வளைத்தாலும் கூட்டம் நேர்வரியையே திருப்ப வேண்டும். பன்னிரண்டு பேர் பன்னிரண்டு விதமாக வளைத்தால் அது சந்தைக்கடை. இன்னொன்று, முன்னவர் வரியை முடிக்கும் முன்பே கூட்டம் பாய்ந்துவிடுவது. கடைசி எழுத்தைக் கேட்ட பிறகே வாய் திறப்பது என்று பழக்குங்கள். அந்தச் சின்ன இடைவெளியில்தான் அவர் மூச்சு வாங்குகிறார்.

பாட்டு நோட்டு விஷயத்தில் எங்கள் அனுபவம். ஒருவர் கைப்பேசியில் அனுப்பியதை இன்னொருவர் பார்த்து எழுதி, அதை மூன்றாமவர் நகல் எடுத்தால் மூன்றாவது கையில் ராமன் வேறு யாராகவோ ஆகிவிடுவான். பழைய பஜனைப் புத்தகங்களில் எழுத்துகளின் தலையில் 2, 3, 4 என்று சிறு எண்கள் இருப்பதைப் பார்த்திருப்பீர்கள். அச்சுப் பிழை அல்ல. ஒரே 'ப'வுக்கு வடமொழியில் நான்கு ஒலி இருப்பதால் வைத்த அடையாளம். எண் இல்லாத 'பால' காப்பவன், கோபாலனில் வருவது. பா³ல என்றால் குழந்தை. பா⁴ல என்றால் நெற்றி. எண்ணை விட்டுவிட்டுப் பாடினால் நெற்றிக்கண்ணன் குழந்தைக்கண்ணன் ஆகிவிடுவான். சுவாமி கோபித்துக்கொள்ள மாட்டார், ஆனால் கூட்டத்தில் பாதிப் பேர் ஒரு விதமாகவும் மீதிப் பேர் இன்னொரு விதமாகவும் சொன்னால் அந்த வரி குழம்பிய சேறாகிவிடும். ஒரே புத்தகம், எல்லோருக்கும் ஒரே பதிப்பு. இதற்குச் செலவழியுங்கள். பொருளையும் ஒரு வரியில் பக்கத்திலேயே எழுதிக்கொள்ளுங்கள். எதைக் கேட்டு அழுகிறோம் என்று தெரிந்து அழலாம்.

இவ்வளவுக்குப் பிறகு, ஐப்பசி கடைசியில், ஆர்மோனியம் வாங்கலாம். அதை ஒதுக்கச் சொல்பவன் அல்ல நான். கமகம் (சுரத்தை வளைத்து அசைப்பது) பேசாது என்று அகில இந்திய வானொலியே 1940 முதல் 1971 வரை அதைத் தள்ளிவைத்திருந்தது. பஜனை மடங்கள் தள்ளவில்லை. சுருதி நழுவும் கூட்டத்துக்கு அது கைத்தடி. உட்கார்ந்து வாசிக்கும் ஆர்மோனியத்தில் இடக்கை துருத்திக்கு, வலக்கை கட்டைக்கு. துருத்தியைப் படபடவென்று அடிக்காமல் நீண்ட மூச்சு போல இழுத்து விடுவதற்கே இரண்டு வாரம் வேண்டும். நேரில் போய் ஒவ்வொரு கட்டையையும் தனித்தனியாக அழுத்திக் கேட்டு வாங்குங்கள். கட்டையை விட்டபின்னும் ஒலித்துக்கொண்டிருந்தால் அந்தப் பெட்டி வேண்டாம்.

ஒன்றரைக் கட்டை கறுப்பு ஆயிற்றே, புதிதாகக் கற்பவர் எப்படி வாசிப்பார் என்று பயப்படுவார்கள். உண்மையில் அதில்தான் சௌகரியம். ஒரு ஸ்தாயியில் கறுப்புக் கட்டைகள் ஐந்து. ஒன்றரையில் தொடங்கி வெள்ளையைத் தொடாமல் ஐந்து கறுப்புகளை மட்டும் வரிசையாக வாசித்துப் பாருங்கள். ச ரி ம ப த. சுத்த சாவேரி வந்துவிடும். இப்போது அதே ஐந்து கட்டைகளை நாலரையிலிருந்து தொடங்குங்கள். ச ரி க ப த. மோகனம்! ஆண்களின் ஷட்ஜத்திலிருந்து சுத்த சாவேரி, பெண்களின் ஷட்ஜத்திலிருந்து மோகனம், விரல் போகும் வழி ஒன்றே. கற்றவர்கள் இதைக் கிரக பேதம் என்று பெரிய பெயரால் சொல்வார்கள். எங்கள் கோஷ்டியில் வங்கியில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற ஒருவர் இதை ஒரு மத்தியானத்தில் கண்டுபிடித்துவிட்டு, மறுநாள் காலை வரை தூங்கவில்லை என்றார். மோகனத்தில் நாமாவளிகள் ஏராளம். நேர்க்கட்டையாக வாசித்தாலும் உறுத்தாத ராகம். கமகம் நிறைந்த தோடி, சஹானா ராகங்கள் பக்கம் ஆர்மோனியத்தோடு போகாதீர்கள். அந்தப் பாட்டுகளுக்கு ஷட்ஜ பஞ்சமத்தை மட்டும் அழுத்திப் பிடித்துக்கொண்டு சும்மா இருப்பது உத்தமம். கற்க எவ்வளவு நாள் என்று கேட்டீர்கள். பாட்டு ஏற்கெனவே தொண்டையில் இருக்கும் ஒருவர், தினம் அரை மணி வாசித்தால், மார்கழிக்குள் ஐந்தாறு நாமாவளிகளுக்குக் கூடவே வாசித்துவிடலாம்.

மிருதங்கத்தைக் கூட்டமாகக் கற்க முடியாது. குருவிடம் வருடக்கணக்கில் உட்கார வேண்டிய வித்தை. பக்கத்தில் கற்கும் பையன் யாராவது இருந்தால் அழைத்து உட்காரவையுங்கள். அவனுக்கும் பழக்கம், உங்களுக்கும் பலம். இல்லையென்றால் டோலக் போதும். கஞ்சிராவை யாராவது உடும்புத்தோலில் தருவதாகச் சொன்னால் வாங்காதீர்கள். உடும்பு சட்டப்படி பாதுகாக்கப்பட்ட உயிரினம். ஆட்டுத்தோலிலும் செயற்கைத் தோலிலும் கிடைக்கிறது. கையில் தட்டும் சிப்ளாக்கட்டை ஒன்று வாங்கிக்கொள்ளுங்கள், குழந்தைகள் யாராவது அதற்காகவே வருவார்கள்.

ஒரு மணி நேரத்தை எப்படிப் பிரிப்பது? முழுப் பத்ததிக்கு ஒரு நாள் பொழுது வேண்டும். தோடய மங்களம் என்ற தொடக்கப் பாட்டுகள், குரு தியானம், அஷ்டபதி, தரங்கம் என்று வளர்ந்து, விளக்கை நடுவில் வைத்துச் சுற்றி ஆடும் திவ்யநாமம், சுவாமியை ஊஞ்சலிலிடும் டோலோற்சவம் வரை போகும். நீங்கள் அதன் எலும்பை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். பிள்ளையார், குரு, பெருமாள், அம்பாள், சிவன், முருகன், கடைசியில் ஆஞ்சநேயர், மங்களம். ஒவ்வொன்றுக்கும் ஒரு பாட்டு, ஒரு நாமாவளி, ஒரு முழக்கம். திவ்யநாமத்தை விட்டுவிடாதீர்கள் என்பது என் தனிப்பட்ட வேண்டுகோள். குத்துவிளக்கைச் சுற்றி ஐந்து நிமிடம் நடந்துகொண்டே பாடினால், அதுவரை தாளம் வராதவருக்கும் காலில் வந்துவிடும். பல ஊர்களில் முன்பு ஆண்கள் மட்டுமே சுற்றுவார்கள். இப்போது பெண்களே நடத்தும் கோஷ்டிகள் எத்தனையோ வந்துவிட்டன. உங்களில் பெண்கள்தான் அதிகம் என்பதால் முன்னால் பாடும் முறையும் அவர்களுக்கே அதிகம் வரட்டும். முன்னவரை வாராவாரம் மாற்றுங்கள். ஒரே ஆள் என்றால் அவர் ஊருக்குப் போகும் வாரம் பஜனையும் ஊருக்குப் போய்விடும்.

மார்கழி விடியலில் தெருவைச் சுற்ற எண்ணம் இருந்தால், ஒலிபெருக்கி வேண்டாம். இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை சட்டமும் அனுமதிக்காது. மயிலாப்பூர் மாடவீதிகளில் பாபநாசம் சிவன் மார்கழி பஜனையை நடத்திச் சென்றபோது கேட்டவர்கள் அவர் குரலைத் தேடித்தான் வாசலுக்கு வந்தார்கள். நடக்கும்போது சுருதிப் பெட்டியை ஒருவர் தோளில் மாட்டிக்கொள்ளட்டும், ஜால்ரா ஒரு ஜோடி போதும். குளிரில் வெண்கலம் சில்லென்று இருக்கும். மடியில் ஐந்து நிமிடம் வைத்துச் சூடாக்கிக்கொண்டு கிளம்புங்கள். கயிறு இற்றுப்போயிருக்கிறதா என்று முதல் நாள் இரவே பார்த்துவிடுங்கள். நடுத்தெருவில் ஒரு தாளம் கழன்று சாக்கடை ஓரம் உருண்டுபோய், இருட்டில் நான்கு பேர் டார்ச் அடித்துத் தேடிய கோஷ்டி எங்களுடையது.